கறுப்பு டி-ஷர்ட்டும் உப்புக் கணக்கும்

வணக்கம் ஐயா,

நானும் என் தோழியும் ஐ.டி. வேலையை விட்டுவிட்டு டி-ஷர்ட் பிராண்டு ஒன்று தொடங்கியிருக்கிறோம். ஆர்கானிக் பருத்திதான் எடுக்கிறோம். நிட்டிங், சாயம் எல்லாம் திருப்பூரில். தையல் யூனிட் கூரையில் சோலார் போட்டாயிற்று. பாலித்தீன் கவர் கிடையாது, அட்டைப்பெட்டி மட்டுமே. துணி தேங்கி வீணாகக் கூடாது என்று ஒவ்வொரு டிசைனுக்கும் 150 கிலோ என்று சின்னச் சின்ன லாட்டாகத்தான் சாயத்துக்கு அனுப்புகிறோம். முதல் ஆறு டிசைனும் கறுப்பு.

போன வாரம் ஒரு வாடிக்கையாளர் 'உங்கள் சாயம் ஆற்றைக் கெடுக்காததா?' என்று கேட்டார். சாயப்பட்டறையில் விசாரித்தால் 'ஜீரோ டிஸ்சார்ஜ் மேடம், ஒரு சொட்டு வெளியே போகாது' என்கிறார்கள். நம்பலாமா? எந்தச் சான்றிதழ் வாங்கினால் இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லலாம்? 2011-ல் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது தொழிலுக்கு இழைத்த துரோகம் என்கிறார் என் மாமா. அதைப் பற்றியும் எழுதுங்கள்.

ச., கோவை

அன்புள்ள ச.,

உங்கள் கடிதத்தில் கூரை இருக்கிறது, அட்டைப்பெட்டி இருக்கிறது, ஆர்கானிக் பருத்தி இருக்கிறது. உப்பு என்ற சொல் ஓர் இடத்தில்கூட இல்லை. சில வாரங்களாக மனதில் ஓடிக்கொண்டிருந்த விஷயம் அது என்பதால்தான் உடனே பதில் எழுதுகிறேன்.

மாதச் சம்பளத்தை விட்டுவிட்டு பனியன் தொழிலுக்குள் இறங்குவது சின்னக் காரியம் இல்லை. சங்கடமான கேள்வி வந்ததும் மழுப்பாமல் விசாரிக்கப் போனீர்களே, அதுவே பெரிது. ஆனால் பட்டறையில் என்ன கேட்பது என்று தெரியாமல் போய் நின்றிருக்கிறீர்கள். 'சுத்தமா?' என்று கேட்டால் 'சுத்தம்' என்றுதானே சொல்வார்கள்? வேறு என்ன பதிலை எதிர்பார்த்தீர்கள்?

பருத்தி நூலைத் தண்ணீரில் போட்டால் அதன் மேற்பரப்பு எதிர்மின் தன்மை கொள்ளும். பருத்திக்குப் போடும் ரியாக்டிவ் சாயமும் தண்ணீரில் எதிர்மின் தன்மை உடையதுதான். இரண்டும் ஒன்றையொன்று தள்ளும். இடையில் உப்பைக் கொட்டினால்தான் அந்த விலக்கம் தணிந்து சாயம் நூலோடு ஒட்டும். பிறகு சோடா ஆஷ் போட்டு, பெரும்பாலும் 60 டிகிரியில் வைத்துப் பிடிக்க வைப்பார்கள். உப்பின் வேலை சாயத்தை நூல்வரை கொண்டுவந்து விடுவது. அதோடு சரி. அது துணியில் தங்குவதில்லை, தீர்ந்தும் போவதில்லை. போட்ட உப்பு அத்தனையும் கழிவுநீரில் வெளியே வரும்.

வெளிர் நிறத்துக்கு லிட்டருக்கு 20, 30 கிராமில் முடிந்துவிடும். கறுப்புக்கு 80 கிராம் வரை போகும். ஒரு கிலோ துணிக்கு 6 லிட்டர் தண்ணீர் என்று ஓடும் சாப்ட் ப்ளோ சாய மெஷினில், கிலோவுக்கு 480 கிராம் உப்பு. உங்கள் டி-ஷர்ட் ஒன்றில் 200 கிராம் துணி என்று வையுங்கள். 96 கிராம் உப்பு. ஒருவருக்கு ஒரு நாளைக்கு 5 கிராமுக்குள் உப்பு போதும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். உங்கள் கறுப்பு டி-ஷர்ட் ஒவ்வொன்றும் ஓர் ஆளுக்கு 19 நாள் உப்பு.

இப்போது அந்த 150 கிலோ லாட். அதைப் பெருமையாக எழுதியிருக்கிறீர்கள், அதனால் சொல்லித்தான் ஆக வேண்டும். 300 கிலோ மெஷினுக்கு 1,800 லிட்டர் பாத், அதாவது சாயத் தண்ணீர். அதில் 150 கிலோ மட்டும் போட்டால் தண்ணீரைப் பாதியாக்க முடியாது. பம்ப் காற்றை இழுக்காமல் ஓடவும், கயிறுபோல் ஓடும் துணி சிக்காமல் சுற்றவும் ஒரு குறைந்தபட்சத் தண்ணீர் வேண்டும். 1,400 லிட்டர் நிற்கிறது என்று வைத்தால், 80 கிராம் கணக்கில் 112 கிலோ உப்பு. அதே 150 கிலோ துணி முழு லாட்டின் பாதியாக ஓடியிருந்தால் அதன் பங்கு 72 கிலோ. துணி தேங்கக் கூடாது என்று நினைத்து லாட்டுக்கு 40 கிலோ உப்பைக் கூட்டியிருக்கிறீர்கள். சோடா ஆஷ், நீராவி எல்லாமும் அதே விகிதத்தில் ஏறும். பட்டறைக்காரர் இதை உங்களிடம் சொல்ல மாட்டார். சின்ன லாட்டுக்குக் கிலோ ரேட்டைக் கூட்டிப் போட்டுவிட்டுப் பேசாமல் இருப்பார்.

'ஒரு சொட்டு வெளியே போகாது' என்பது பொய்யில்லை. சொட்டு போகாது, சரி. உப்பு எங்கே? அதைக் கேட்டீர்களா?

பட்டறைக் கழிவுநீர் பொதுச் சுத்திகரிப்பு நிலையத்துக்குக் குழாயில் போகிறது. முதலில் நுண்ணுயிர்த் தொட்டி, பிறகு நிறம் எடுப்பது, வடிகட்டல், அல்ட்ரா பில்டர், கடைசியாக இரண்டு மூன்று கட்ட ஆர்.ஓ. நல்ல தண்ணீர் பட்டறைக்கே திரும்புகிறது. மிஞ்சுவது ரிஜெக்ட், வந்த உப்பு முழுவதும் அதற்குள். அதைக் காய்ச்சித்தான் வற்ற வைக்க வேண்டும். நான்கு அடுக்கு எவாப்பரேட்டரில் 10,000 லிட்டர் தண்ணீரை ஆவியாக்க ஏறத்தாழ 3 டன் நீராவி வேண்டும். விறகு பாய்லர் என்றால் கிட்டத்தட்ட 1 டன் விறகு, பெரும்பாலும் சீமைக்கருவேல். உங்கள் கூரை சோலார் தையல் மெஷினையும் டியூப் லைட்டையும் ஓட்டும். நல்லதுதான், இருக்கட்டும். ஒரு டி-ஷர்ட்டின் எரிபொருள் பெரும்பகுதி போவது பாய்லரில்.

காய்ச்சாமல் பிரிக்கவும் வழி இருக்கிறது. சாதா உப்புக்குப் பதிலாகச் சாயத்துக்குப் போடும், பட்டறைக்காரர்கள் கிளாபர் சால்ட் என்று சொல்லும் சோடியம் சல்பேட்டுக்கு ஒரு குணம்: 32 டிகிரியில் 100 கிராம் தண்ணீரில் 50 கிராம் அளவுக்குக் கரையும், 10 டிகிரிக்குக் குளிர்வித்தால் 9 கிராம்தான் கரையும். மீதி படிகமாகக் கீழே இறங்கிவிடும். சாதா உப்பு அப்படியில்லை. சூட்டிலும் குளிரிலும் ஏறத்தாழ ஒரே அளவுதான் கரையும். ஆகவே பட்டறைகள் சல்பேட்டை மட்டும் போட்டால் சில்லர் என்ற குளிர்விக்கும் மெஷின் வைத்து எடுத்து மறுபடி சாயத்துக்கே அனுப்பலாம். கெடுவது கலப்பில். ஒரு பட்டறை விலை மலிவு என்று சாதா உப்பைப் போடும். இன்னொன்று குளோரின் வைத்துச் சலவை செய்யும். தண்ணீரை மென்மையாக்கும் சாப்ட்னரைக் கழுவ எல்லோருமே சாதா உப்புத்தான் போடுகிறார்கள். எல்லாம் ஒரே குழாயில் சேர்ந்து, கடைசியில் எதற்கும் உதவாத கலவை உப்பு மிஞ்சுகிறது. சாயத்துக்கு ஆகாது, நிலத்தில் கொட்டவும் முடியாது. மூட்டை மூட்டையாகக் கொட்டகையில் அடுக்கி வைக்கிறார்கள். மழைத் தண்ணீர் பட்டால் அத்தனையும் கரைந்து ஓடும். நொய்யல் ஆற்றுக்குப் போகாமல் தடுத்த உப்பு அங்கே கூரைக்குக் கீழே உட்கார்ந்திருக்கிறது.

திரும்ப எடுத்த உப்புத் தண்ணீரில் சாயம் போடுவதும் லேசுப்பட்ட வேலை இல்லை. அதில் பழைய சோடாவின் காரம் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருக்கும். அமிலம் விட்டு நடுநிலைக்குக் கொண்டுவராமல் சாயத்தைச் சேர்த்தால், துணி முழுக்கப் பரவும் முன்பே அங்கங்கே பிடித்துக்கொள்ளும். திட்டுத் திட்டாக வரும். இன்னொரு தவறு எடை போடுவதில். சில்லரில் இறங்கும் படிகத்தில் பாதிக்கு மேல் தண்ணீர். 100 கிலோ படிகத்தில் சல்பேட் 44 கிலோதான். அதை உலர்ந்த உப்பு என்று நினைத்து நிறுத்துப் போட்டால் கறுப்பு, கறுப்பாக வராது. அப்புறம் அந்த லாட்டை மறுபடி ஓட்டுவார்கள். மறுபடி ஓட்டினால் மறுபடி உப்பு. உப்பைக் குறைக்க ஆகச் சிறந்த வழி எது என்று கேட்டால் புதுத் தொழில்நுட்பம் எதையும் சொல்ல மாட்டேன், முதல் ஓட்டத்திலேயே கேட்ட ஷேடு, அதாவது நிறம், கிடைக்க வேண்டும் என்பேன்.

உப்பே இல்லாமல் சாயம் போடும் கோல்டு பேட் பேட்ச் முறையும் உண்டு. துணியைச் சாயத்தில் நனைத்துப் பிழிந்து, உருளையில் சுற்றி, பிளாஸ்டிக் தாளால் மூடி, உலராமல் 12 மணி நேரத்துக்கும் மேல் சுழலவிடுவார்கள். நிட் துணியில் ஓரம் சுருளும். குழாயாகப் பின்னிய துணியில் மடிப்பு விழுந்த இடத்தில் கோடு விழும். வெட்டி விரித்துத்தான் ஓட்ட வேண்டும். உங்கள் அளவுக்கு இப்போது தோதுப்படாது.

மாமாவுக்கு: 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் திடீரென்று விழித்துக்கொண்டு பட்டறைகளை மூடச் சொல்லவில்லை. நொய்யலின் குறுக்கே இருக்கும் ஒரத்துப்பாளையம் அணை 1992-ல் பாசனத்துக்காகக் கட்டியது. சாயத் தண்ணீர் தேங்கி, அந்தத் தண்ணீரை எங்கள் நிலத்துக்குத் திறந்துவிடாதீர்கள் என்று ஆயக்கட்டு விவசாயிகளே கெஞ்சும் நிலை வந்தது. வழக்குப் போட்டதும் அவர்கள்தான். 2011-க்கு முன்பும் சுத்திகரிப்பு நிலையங்கள் இருந்தன. சுண்ணாம்பும் பெரஸ் சல்பேட்டும் போட்டு நிறத்தை எடுத்தார்கள். உப்பு அப்படியே போயிற்று. போட்ட ரசாயனத்தால் இன்னும் கொஞ்சம் கூடியும் போயிற்று. கரைந்த உப்பு லிட்டருக்கு 2,100 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது என்பது விதி. தண்ணீர் தெளிவாக இருந்தால் யாருக்குச் சந்தேகம் வரும்? மாமாவோடு இதற்கு மேல் வாதாட எனக்கு நேரமில்லை.

சான்றிதழ் கேட்டிருந்தீர்கள். ஓக்கோ-டெக்ஸ் ஸ்டாண்டர்டு 100 முடிந்த துணியைச் சோதிக்கிறது. உப்பெல்லாம் கழுவிப் போன பிறகு துணியில் என்ன இருக்கும்? ஆர்கானிக் துணிக்கான ஜிஓடிஎஸ் பட்டறையையும் சேர்த்துப் பார்க்கிறது, அது மேல். வாங்குபவர் கேட்டால் வாங்குங்கள். அதற்கு முன் பட்டறையில் ஒவ்வொரு லாட்டுக்கும் ஒரு சீட்டு கேளுங்கள்: துணி எத்தனை கிலோ, பாத் எத்தனை லிட்டர், புது உப்பு எத்தனை கிலோ, திரும்ப வந்த உப்புத் தண்ணீர் எத்தனை லிட்டர், மறு ஓட்டம் உண்டா. பட்டறை ஒவ்வொரு லாட்டுக்கும் எழுதும் பேட்ச் கார்டிலேயே இதில் பாதி எழுதியிருக்கும். யாரும் கேட்பதில்லை என்பதால் யாரும் கொடுப்பதில்லை. தர மறுத்தால் வேறு பட்டறை பாருங்கள்.

அடுத்த கோராவை, அதாவது சாயம் போடாத துணியை, அனுப்பும் முன், மெஷின் எத்தனை கிலோ என்று ஒரு போன் போட்டுக் கேளுங்கள். 300 என்றால் இரண்டு டிசைன் துணியைச் சேர்த்து ஒரே லாட்டாகப் போடுங்கள். ஆறுமே கறுப்புதானே.