ஒரே மதம்தானே என்று கேட்பவர்களுக்கு

"துருக்கியர்களும் குர்துகளும் ஒரே மதத்தவர்தானே, பிறகு ஏன் இந்தப் பரம்பரைப் பகை? குர்துகள் உண்மையிலேயே தனி இனமா?" என்று கேட்டிருக்கிறீர்கள். வேலைக்கோ படிப்புக்கோ துருக்கி போகவிருப்பவர், அங்கே யாரிடம் எதைப் பேசலாம் என்று தெரிந்துகொள்ளக் கேட்கிறீர்கள் என்று வைத்துக்கொள்கிறேன். நான் திருப்பூர்க்காரன். இஸ்தான்புல்லில் ஓர் ஆடைக் கொள்முதல் அலுவலகத்தில் தரப் பரிசோதகனாகச் சில ஆண்டுகள் இருந்தேன். வரலாற்றுப் பேராசிரியன் இல்லை. "விக்கிப்பீடியாவைப் படித்துவிட்டு எழுதுகிறான்" என்று பின்னூட்டம் போடக் காத்திருப்பவர்களுக்கு இப்போதே சொல்லிவிடுகிறேன்: படித்தும் இருக்கிறேன், அந்த மனிதர்களோடு ஒரே மேசையில் உட்கார்ந்து சாப்பிட்டும் இருக்கிறேன்.

தனி இனம்தான், அதில் ஐயமே வேண்டாம். குர்து மொழி பாரசீகத்தின் பங்காளி. துருக்கி மொழியோடு அதற்குக் குடும்ப உறவு கிடையாது. 11ஆம் நூற்றாண்டில் துருக்கியர் அனடோலியாவுக்குள், அதாவது இன்றைய துருக்கியின் ஆசியப் பகுதிக்குள், வருவதற்கு முன்பே கிழக்கு மலைகளில் குர்துகள் வாழ்ந்துகொண்டிருந்தார்கள். இன்று துருக்கியின் மக்கள்தொகையில் அவர்கள் 15 முதல் 20 விழுக்காடு இருக்கலாம் என்பது பொதுவான மதிப்பீடு. ஏன் மதிப்பீடு என்றால், 1965க்குப் பிறகு எந்த மக்கள்தொகைக் கணக்கெடுப்பிலும் தாய்மொழிக் கணக்கை அந்த அரசு வெளியிடவில்லை.

பரம்பரைப் பகை என்பதைத்தான் நான் ஏற்க மாட்டேன். 1514இல் உஸ்மானியத் துருக்கியப் பேரரசின் சுல்தான் செலிம் சால்திரானில் பாரசீக ஷாவைத் தோற்கடித்தபோது குர்துச் சிற்றரசர்கள் பலர் உஸ்மானியர் பக்கம்தான் நின்றார்கள். அதற்குக் கைம்மாறாகத் தங்கள் மலைகளைத் தாங்களே ஆண்டுகொள்ளும் உரிமை அவர்களுக்குக் கிடைத்தது. 19ஆம் நூற்றாண்டில் இஸ்தான்புல் அந்த உரிமையைப் பிடுங்க ஆரம்பித்தபோது கலகங்கள் வெடித்தன. அவை வரிக்காகவும் அதிகாரத்துக்காகவும் நடந்த சண்டைகள். முதல் உலகப் போர் முடிந்து 1920இல் வென்ற நாடுகள் உஸ்மானியர்மேல் திணித்த செவ்ர் உடன்படிக்கை குர்துகளுக்குத் தன்னாட்சி தருவதாகச் சொன்ன பிறகும்கூடப் பல குர்துக் கோத்திரங்கள், பின்னாளில் துருக்கிக் குடியரசை நிறுவிய முஸ்தஃபா கமாலோடு சேர்ந்து போரிட்டன. இஸ்லாமியரின் தாயகத்தைக் காப்போம் என்று அழைத்தார்கள், போனார்கள்.

இப்போது உங்கள் "ஒரே மதம்தானே"வுக்கு வருகிறேன். 1923 ஜூலையில் புதிய துருக்கியை உலக நாடுகள் ஏற்ற லோசான் உடன்படிக்கை கையெழுத்தானது. அதன்படி சிறுபான்மையினர் என்றால் முஸ்லிம் அல்லாதவர்கள் மட்டுமே. கிரேக்கர், ஆர்மீனியர், யூதர் ஆகியோருக்குத் தங்கள் மொழியில் பள்ளி நடத்தும் உரிமை காகிதத்திலாவது இருந்தது. குர்துகள் முஸ்லிம்கள், எனவே சிறுபான்மை இல்லை, எனவே அவர்களுக்கென்று தனியாக எதுவும் இல்லை. ஒரே மதம் என்பது அவர்களைக் காப்பாற்றவில்லை. அதைக் காட்டித்தான் அவர்கள் பெயரை அழித்தார்கள். அடுத்த ஆண்டே முஸ்லிம்களின் தலைவர் என்னும் கலீபா பதவியும் ஒழிக்கப்பட்டது. இரு மக்களையும் பிணைத்திருந்த கயிறு அதோடு அறுந்தது. 1925இல் குர்து மதத் தலைவர் ஷேக் சயீதின் கலகம், தியார்பக்கிரில் அவருக்குத் தூக்கு. 1937-38இல் குர்துகள் வாழும் டெர்சிம் மாகாணத்தில் ராணுவ நடவடிக்கை, ஆயிரக்கணக்கில் சாவு. அந்த மாகாணத்தின் பெயரையே அதற்கு முன்பு துன்ஜெலி என்று மாற்றியிருந்தார்கள். 2011இல் எர்தோகன் பிரதமராக இருந்தபோது டெர்சிமுக்காக மன்னிப்புக் கேட்டார் என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் யாராவது வந்து சொல்வார்கள். குர்துகள் என்று யாரும் இல்லை, அவர்கள் "மலைத் துருக்கியர்" என்பதும் நீண்ட காலம் அரசுத் தரப்பின் பேச்சாக இருந்தது.

புத்தகத்தில் படித்தபோது எனக்கு இதெல்லாம் அரசாங்கத்தின் அட்டூழியம் என்று மட்டும்தான் பட்டது. பாஜிலார் பகுதியில் நான் பீஸ் செக்கிங் செய்யப் போய்வந்த ஒரு தையல் கம்பெனியில்தான், இதே பேச்சு எவ்வளவு அன்பான வாயிலிருந்தும் வரும் என்று பார்த்தேன்.

அங்கே கட்டிங் மாஸ்டர் கருங்கடல் கரையில் இருக்கும் டிராப்ஸோனைச் சேர்ந்தவர், துருக்கியர். ஓவர்லாக் மெஷினில் உட்கார்ந்திருந்தவர் சீர்த் மாகாணத்துக் குர்து. 1990களில் குர்துக் கிளர்ச்சியாளர்களோடு நடந்த சண்டையில் ராணுவம் காலி செய்ய வைத்த கிராமம் ஒன்றிலிருந்து சிறுவயதில் குடும்பத்தோடு இஸ்தான்புல் வந்தவர். அந்தப் பத்தாண்டில் கிழக்கே காலியான ஊர்கள் ஆயிரக்கணக்கில் இருக்கும். இன்று உலகிலேயே அதிகக் குர்துகள் வாழும் நகரம் இஸ்தான்புல்தான் என்று சொல்லப்படுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

இருவருக்கும் அப்படி ஒரு நெருக்கம். மதிய உணவு மணி அடித்ததும் மாஸ்டர் இடது கையில் மாட்டியிருக்கும் எஃகு வலைக் கையுறையைக் கழற்றி மேசைமேல் வைப்பார், ரொட்டியை எடுத்துப் பிய்ப்பார், முதல் துண்டு சீர்த்காரருக்குப் போகும். பிறகுதான் தனக்கு. நான் பார்த்தவரை இது மாறியதே இல்லை.

சீர்த்காரர் வீடு மாற வேண்டியிருந்தது. தொலைபேசியில் வீட்டுக்காரர்கள் வாடகையெல்லாம் பேசி முடிப்பார்கள், கடைசியில் "எந்த ஊர்?" என்று கேட்பார்கள். சீர்த் என்றதும், "அடடா, நேற்றே ஒருவர் முன்பணம் கொடுத்துவிட்டாரே" என்பார்கள். இதைக் கேள்விப்பட்ட மாஸ்டர் தானே நேரில் போனார். பொறுப்பாளியாகக் கையெழுத்துப் போட்டு வீட்டைப் பிடித்துக் கொடுத்தார். வாடகை நின்றால் அவர் தலையில்தான் விடியும். ரத்த உறவுகூட இரண்டு முறை யோசிக்கும் காரியம் அது.

மாலைத் தேநீரின்போது அந்தக் கதையை மாஸ்டர் என்னிடம் பெருமையாகச் சொன்னார். "வீட்டுக்காரனிடம் சொன்னேன், இவன் எங்கள் ஆள், குர்து கிர்து என்று எதுவும் கிடையாது, நாம் எல்லோரும் துருக்கியர், எல்லோரும் முஸ்லிம்கள் என்று." சீர்த்காரர் பக்கத்திலேயே உட்கார்ந்து தேநீரில் சர்க்கரையைக் கலக்கிக்கொண்டிருந்தார். "அல்லாஹ் உங்களைப் பொருந்திக்கொள்வானாக, அண்ணா" என்று மட்டும் சொன்னார்.

அவர் தம் அம்மாவோடு தொலைபேசியில் பேச எப்போதும் மாடிப்படிக்குப் போய்விடுவார். அம்மாவுக்குக் குர்து மொழி தவிர வேறெதுவும் தெரியாது. ஒருநாள் அங்கே வைத்து என்னிடம் சொன்னார்: "மாஸ்டர் எனக்குச் செய்ததை என் சொந்த அண்ணன்கூடச் செய்ய மாட்டான். ஆனால் அந்தப் பேச்சைக் கேட்கும்போதெல்லாம் மெஷினை நிறுத்திவிட்டு எழுந்து போய்விடலாமா என்று இருக்கிறது." பள்ளியில் சேர்ந்த புதிதில், துருக்கி மொழி ஒரு சொல்லும் தெரியாமல், "நான் துருக்கியன், நேர்மையானவன், உழைப்பாளி" என்று தொடங்கும் உறுதிமொழியை தினமும் காலையில் கத்தினாராம். 1933இல் வந்த அந்த வழக்கம் 2013இல்தான் கைவிடப்பட்டது.

மாஸ்டரை வில்லனாக்கிவிடாதீர்கள். 1984இல் குர்திஸ்தான் தொழிலாளர் கட்சி, அதாவது பி.கே.கே., ஆயுதம் எடுத்ததிலிருந்து 40,000க்கும் மேற்பட்டோர் செத்திருக்கிறார்கள். பெரும்பகுதி குர்துகள், சரி. ஆனால் கட்டாய ராணுவ சேவைக்குப் போன இருபது வயதுப் பையன்கள் கொடி போர்த்திய பெட்டியில் டிராப்ஸோன் பக்கத்து ஊர்களுக்கும்தான் திரும்பி வந்தார்கள். கிராமப் பள்ளி ஆசிரியர்களைக்கூடப் பி.கே.கே. கொன்றிருக்கிறது. 2016 டிசம்பரில் பெஷிக்டாஷ் கால்பந்து மைதானத்துக்கு வெளியே குண்டு வெடித்து நாற்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். பெரும்பாலோர் காவலர்கள். பி.கே.கே.யிலிருந்து பிரிந்த ஒரு குழு பொறுப்பேற்றது. விடுமுறை முடிந்து கம்பெனிக்குப் போனால் எல்லோர் முகமும் இருண்டிருந்தது. சன்னலில் கொடி கட்டச் சொன்னார் முதலாளி. யாரும் ஏவாமல் நாற்காலி போட்டு ஏறிக் கட்டியவர் சீர்த்காரர். பிறகு ஒவ்வொரு மெஷினாகப் போய்த் துக்கம் விசாரித்தார். அவர் குண்டு வைக்கவில்லை, வைத்தவர்களைத் திட்டிக்கொண்டுதான் இருந்தார். ஆனாலும் அந்த அறையில் அவர் ஒருவர்தான் துக்கத்தை நிரூபித்துக் காட்ட வேண்டியிருந்தது. மதியம் ரொட்டியின் முதல் துண்டு அன்றும் அவருக்கே போனது, அதையும் சொல்ல வேண்டும்.

"அங்கே குர்து அமைச்சர்களே இருக்கிறார்களே, எங்கே ஒடுக்குமுறை?" என்று ஒருவர் வருவார். இருக்கிறார்கள். அதிபராக இருந்த துர்குத் ஓஸல் தம் குர்து வேரை மறைக்கவில்லை. நிதியமைச்சர் மெஹ்மத் ஷிம்ஷெக் குர்துதான். குர்தாகப் பிறந்தவருக்கு அங்கே எந்தக் கதவும் மூடவில்லை, குர்தாகவே உள்ளே நுழையப் பார்ப்பவருக்குத்தான் இடிக்கிறது. 1991இல் நாடாளுமன்றத்தில் பதவியேற்ற லெய்லா ஸானா, சட்டப்படியான உறுதிமொழியைத் துருக்கி மொழியில் சொல்லிவிட்டு, இரு மக்களின் சகோதரத்துவத்துக்காக அதை ஏற்பதாக ஒரு வாக்கியத்தைக் குர்து மொழியில் சேர்த்தார். அவை கொந்தளித்தது. 1994இல் சிறைக்குப் போனவர் 2004இல்தான் வெளியே வந்தார்.

நிலைமை மாறவே இல்லை என்றும் சொல்ல மாட்டேன். 2009இல் அரசே குர்து மொழித் தொலைக்காட்சி தொடங்கியது, 2012இல் பள்ளியில் விருப்பப் பாடமாக வந்தது. ஆனால் துருக்கி மொழியைத் தவிர வேறெதையும் தாய்மொழியாகக் கற்பிக்கக்கூடாது என்னும் அரசியலமைப்பின் 42ஆம் பிரிவு அப்படியே இருக்கிறது.

ஈழத்தோடு ஒப்பிட்டு எழுதச் சொல்லி ஏற்கெனவே ஒருவர் தனிச்செய்தி அனுப்பிவிட்டார். மாட்டேன். எல்லாவற்றையும் ஒரே தராசில் நிறுக்கும் வியாதி நமக்கு அதிகம்.

      

2025 பிப்ரவரியில் சிறையிலிருக்கும் பி.கே.கே. தலைவர் அப்துல்லா ஓஜலான் இயக்கத்தைக் கலைக்கச் சொன்னார். மே மாதம் கலைப்பதாக அறிவித்தார்கள், ஜூலையில் இராக்கின் சுலைமானியா அருகே ஒரு குழு தன் துப்பாக்கிகளைத் தீயில் போட்டது. அந்தக் காணொளியை இருவருமே எனக்கு அனுப்பினார்கள். மாஸ்டர் குரல்பதிவில், "முடிந்தது தம்பி, இனி பிரச்சினையே இல்லை, எல்லோரும் சகோதரர்கள்" என்றார். சீர்த்காரரும் மகிழ்ச்சியாகத்தான் பேசினார். தன் மகன் பாட்டியோடு பேச முடியாமல் துருக்கி மொழியிலேயே பதில் சொல்கிறான், பள்ளியில் குர்துப் பாடம் கேட்டால் போதிய மாணவர்கள் இல்லை, ஆசிரியர் இல்லை என்கிறார்கள், இனிமேலாவது தைரியமாக மறுபடி மனு கொடுக்கலாம் என்று இருக்கிறேன் என்றார். மாஸ்டர் கையெழுத்துப் போடுவாரா என்று கேட்டேன். "போடுவார். எதற்கு என்று மட்டும் கேட்பார்" என்றார்.