நெல்லைச் சீமையின் பழைய புத்தகங்கள்: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: செங்கோட்டைப் பக்கம் ஒரு கிராமம் எங்களுடையது. ஊரைப் பற்றி ஏதாவது இருக்கும் என்று 1917ஆம் ஆண்டு வந்த திருநெல்வேலி கெஜட்டியரை (வெள்ளைக்கார சர்க்கார் போட்ட ஜில்லா விவரப் புத்தகம்) முழுக்கப் புரட்டினேன். ஒரு வரிகூட இல்லை. எங்கள் ஊருக்கு வரலாறே கிடையாதா?

பதில்: இருக்கிறது. நீங்கள் தேடியதுதான் பக்கத்து ராஜ்ஜியத்தின் புத்தகம்! செங்கோட்டை 1956 நவம்பர் வரை திருவிதாங்கூர் பக்கம் இருந்த ஊர். மொழிவழி மாநிலம் பிரித்தபோதுதான் திருநெல்வேலி ஜில்லாவோடு சேர்ந்தது. அதனால் பேட் எழுதிய அந்த கெஜட்டியரை விட்டுவிட்டு, நாகம் அய்யா 1906இல் மூன்று தொகுதிகளாகக் கொண்டுவந்த திருவிதாங்கூர் மேனுவலை (அதுவும் அதே மாதிரி விவரப் புத்தகம்தான்) எடுங்கள். அப்புறம் 1940இல் வேலுப்பிள்ளை நான்கு தொகுதிகளாக எழுதியதையும் பாருங்கள்.

இது உங்களுக்கு மட்டும் வந்த சிக்கல் இல்லை. ஸ்ரீவில்லிபுத்தூர், சாத்தூர்க்காரர்களும் இதே இடத்தில்தான் தடுமாறுகிறார்கள். அந்தத் தாலுகாக்கள் 1910இல் புதிதாக உண்டான ராமநாதபுரம் ஜில்லாவுக்குப் போய்விட்டன. எனவே 1879இல் ஸ்டூவர்ட் எழுதிய திருநெல்வேலி மேனுவலில் அவை இருக்கும், 1917 புத்தகத்தில் தேடினால் கிடைக்காது. தூத்துக்குடி தனி மாவட்டம் ஆனது 1986இல், தென்காசி 2019இல். புத்தகத்தைத் திறப்பதற்கு முன்னால், அது அச்சான வருஷத்தில் நம் ஊர் யார் கையில் இருந்தது என்று பார்த்துவிடுங்கள், பாதி வேலை முடிந்த மாதிரி.

இன்னொன்று. கெஜட்டியரை முதல் பக்கத்திலிருந்து படித்தால் மழை, காடு, நிலவரி என்று போய் அலுத்துவிடும். கடைசி அத்தியாயத்தில் தாலுகா வாரியாக ஊர்களைப் பற்றிய குறிப்புகள் வரும், அங்கே ஆரம்பியுங்கள். இணையத்தில் தேடுவதானால் ஆங்கிலேயர் எழுதிய எழுத்துக்கூட்டலில் தேட வேண்டும். செங்கோட்டை 'ஷென்கோட்டா'வாக, பாளையங்கோட்டை 'பாலம்கோட்டா'வாக, தூத்துக்குடி 'டூட்டிகோரின்' ஆக இருக்கும்.

கேள்வி: கால்டுவெல்லின் திருநெல்வேலி சரித்திரத்தை நம்பிப் படிக்கலாமா? அவர் பாதிரியார், வெள்ளைக்காரர் பக்கம் பேசியவர் என்கிறார்கள். (கோவில்பட்டி வாசகர்)

பதில்: படித்தே ஆக வேண்டும் என்பேன், ஆனால் அதை மட்டும் படித்துவிட்டு நிறுத்திவிடக் கூடாது. 1841இல் இடையன்குடிக்கு வந்து இந்தச் சீமையிலேயே பல பத்தாண்டுகள் வாழ்ந்த மனிதர், 1881இல் அந்தப் புத்தகத்தைக் கொண்டுவந்தார். கொற்கையில் தானே மண்ணைத் தோண்டிப் பார்த்தவர். மார்கோ போலோ சொன்ன 'காயல்' துறைமுகம் தாமிரபரணி முகத்துவாரத்தை ஒட்டித்தான் இருந்தது என்று இடத்தைக் காட்டியவர், அங்கே சிதறிக் கிடந்த சீனப் பீங்கான் சில்லுகளைக்கூடப் பொறுக்கிப் பார்த்திருக்கிறார். இந்த உழைப்பை யாரும் மறுக்க முடியாது.

பாளையக்காரர்கள் என்று வரும்போதுதான் பார்வை ஒரு பக்கமாகச் சாய்கிறது. அவருக்கு அவர்கள் பெரும்பாலும் கொள்ளையடிப்பவர்கள், 1801இல் சீமை கிழக்கிந்தியக் கம்பெனி கைக்கு முழுசாக வந்தது நாட்டுக்கு நல்ல காலம். ஆனால் அதே புத்தகத்தில் கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரையைப் பற்றி, அவரை எதிர்த்துப் போரிட்ட படையில் இருந்த வெல்ஷ் என்ற அதிகாரி வியந்து எழுதியதையும் எடுத்துக் கொடுத்திருக்கிறார். எதிரியே அப்படி எழுதினான் என்றால் அந்த மனுஷர் எப்படிப்பட்டவராக இருந்திருக்க வேண்டும்! எனக்கு அந்தப் பக்கங்கள் எத்தனை தடவை படித்தாலும் சலிப்பதில்லை.

சரி, கூட எதைப் படிப்பது? நா. வானமாமலை பதிப்பித்த கட்டபொம்மன் கதைப்பாடலைப் படியுங்கள், ஊர் ஜனங்கள் அந்தச் சண்டையை எப்படி மனதில் வைத்திருந்தார்கள் என்று தெரியும். கம்பெனியோடு நின்ற எட்டயபுரத்தின் தரப்புக்கு, அந்த ஜமீனின் வரலாறாக 1879இல் வந்த 'வம்சமணி தீபிகை' இருக்கிறது. உங்கள் ஊர் எட்டயபுரத்துக்கும் பாஞ்சாலங்குறிச்சிக்கும் கூப்பிடு தூரம், மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தால் ஒரே சம்பவம் மூன்று விதமாகத் தெரியும். மூன்றிலும் யார் பெயர் விட்டுப்போயிருக்கிறது என்பதையும் கவனியுங்கள்.

கேள்வி: எல்லாம் படிக்க நேரமில்லை. ஒன்றே ஒன்று சொல்லுங்கள்.

பதில்: ஆங்கிலம் சிரமம் இல்லையென்றால் டேவிட் லட்டன் 1985இல் வெளியிட்ட, தென்னிந்திய விவசாயிகளின் வரலாறு பற்றிய புத்தகம். தலைப்பு பெரிசாக இருந்தாலும் உள்ளே இருப்பது திருநெல்வேலிதான். ஆற்றுப்பாசனம், குளத்துப்பாசனம், மானாவாரி என்று தண்ணீர் போகிற வழியை வைத்தே யார் எங்கே குடியேறினார்கள், யாருக்கு நிலம் சேர்ந்தது என்று சொல்லிக்கொண்டு போகிறார். ராஜாக்களின் பெயர்ப்பட்டியல் இல்லாமல் ஒரு சீமையின் கதையை எழுத முடியும் என்று எனக்குக் காட்டிய புத்தகம் அது.

ஊரில் பழைய கோயில் இருந்தால் மட்டும் கூடுதலாக ஒன்று: 1919இல் ரங்காச்சாரியா ஜில்லா, தாலுகா வாரியாகத் தொகுத்த கல்வெட்டுப் பட்டியல். மூன்று தொகுதிகள். உங்கள் தாலுகாவைப் புரட்டிப் பாருங்கள், தினமும் செருப்பைக் கழற்றிப் போடுகிற இடத்துக்கு மேலே உள்ள சுவரில் யாரோ ஒரு பாண்டியன் காலத்துக் கல்வெட்டு இருக்கிறது என்று அதில் எழுதியிருக்கலாம்.