மாமியாருக்கு ஒரு சட்டப் பிரிவு

ஐயா, வணக்கம்.

ஜப்பானிய இயக்குநர் நருசேயின் மௌனப் படம் ‘முடிவில்லாத தெரு’ (1934) பார்த்தேன். மெதுவாகப் போனதால் ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓட்டினேன். வீட்டார் எதிர்ப்பை மீறி, டீக்கடையில் வேலை பார்க்கும் சுகிகோவைக் கட்டுகிறான் பணக்கார ஹிரோஷி. மாமியாரும் நாத்தனாரும் படுத்தும் பாட்டில் அவள் வெளியேறுகிறாள். எனக்குக் கோபம்தான் வந்தது. பார்த்துக் கட்டிவைக்கும் கல்யாணமே மேல் என்கிறாரா நருசே? இதற்கு நல்ல பின்னணி இசை எங்கே கிடைக்கும்?
கவிதா

அன்புள்ள கவிதா,

இசை கிடக்கட்டும், முதலில் வேகத்தைக் குறையுங்கள். மௌனப் படத்தில் முகம்தான் வசனம். அதை விரட்டிவிட்டு எழுத்து அட்டைகளை மட்டும் படித்தால் கதைச்சுருக்கம்தான் மிஞ்சும்.

உங்கள் கோபம் சரிதான், காதல் மேல் காட்டியதுதான் தப்பு. அவள் யாரைக் கட்டினாள் என்பதை விடுங்கள், எதற்குள் போனாள் என்று பாருங்கள். ஜப்பானில் அன்று அமலில் இருந்த 1898 சிவில் சட்டப்படி பெண் கணவனின் ‘இயே’க்குள், அதாவது வீட்டுக்குள், நுழைகிறாள். 30 ஆகாத ஆணுக்கும் 25 ஆகாத பெண்ணுக்கும் பெற்றோர் சம்மதம் வேண்டும். வயது தாண்டினாலும் வீட்டுத் தலைவர் ஒப்ப வேண்டும். மீறினால் கல்யாணம் செல்லும், ஆனால் ஓராண்டுக்குள் அவர் குடும்பப் பதிவேட்டிலிருந்து பெயரை வெட்டிவிடலாம்.

அந்தப் பதிவேட்டில்தான் சூட்சுமம். சாகே என்ற அரிசி மதுவைப் பரிமாறிச் சடங்கு செய்தாலும் பதிவு செய்யாதவரை சட்டப்படி அவள் மனைவியில்லை. வீட்டு வழக்கத்துக்கு ஒத்துவருகிறாளா, பிள்ளை பெறுகிறாளா என்று பார்த்த பிறகே பல வீடுகளில் பெயரைச் சேர்த்தார்கள். ஒத்துவரவில்லையென்றால் திருப்பி அனுப்பிவிடலாம், விவாகரத்துகூட வேண்டாம். காரணமின்றித் துரத்தினால் நஷ்டஈடு உண்டு என்று அன்றைய உச்ச நீதிமன்றம் சொன்னது 1915இல்தான்.

பதிவான மனைவி கதையையும் கேளுங்கள். வழக்குப் போட்டு விவாகரத்து வாங்குவதற்கான காரணங்களை அதே சட்டத்தின் 813ஆம் பிரிவு அடுக்கியது. அதில் துணையின் பெற்றோர் செய்யும் கொடுமையும் கடும் அவமதிப்பும் தனியாகவே இருந்தன. மாமியார் கொடுமைக்குச் சட்டப் புத்தகத்திலேயே நாற்காலி போட்டிருக்கிறார்கள்! கல்யாணம் இரண்டு பேர் சமாச்சாரமாக இருந்திருந்தால் அந்த வரிக்கு அங்கே என்ன வேலை?

நகோதோ, அதாவது இடையில் நின்று கல்யாணம் பேசுபவர், பேசிமுடித்த பெண்ணும் இதே வாசலில்தான் நுழைந்தாள். ஒரு வித்தியாசம் உண்டு, அதில் நீங்கள் சொல்வதும் கொஞ்சம் நியாயம். சண்டை வந்தால் நகோதோவைக் கூப்பிட்டுப் பஞ்சாயத்து பேசலாம். சுகிகோவுக்கு ஒரு தம்பியை விட்டால் யார் இருக்கிறார்கள்?

ஆஸ்பத்திரிக் காட்சியை மறுபடி சரியான வேகத்தில் பாருங்கள். ஹிரோஷி அடிபட்டுக் கிடக்கிறான். அவள் கணக்குத் தீர்ப்பது அவனோடா, மாமியாரோடா என்று பார்த்துவிட்டு எழுதுங்கள்.