யாரும் எடுக்காத வெஸ் வெல்கர்: கேள்வி பதில்

போன முறை அமெரிக்கன் ஃபுட்பாலில் டிராஃப்டில் தேர்வாகாத வைட் ரிசீவர்களைப் (எறியும் பந்தைப் பிடிக்க ஓடுபவர்கள்) பற்றிப் பேச்சு வந்தது. வந்து சேர்ந்த கேள்விகளில் முக்கால்வாசி, அப்படித் தேர்வாகாமல் வந்து நியூ இங்கிலாந்து பேட்ரியட்ஸ் அணியில் பேர்வாங்கிய வெஸ் வெல்கரைப் பற்றித்தான். எனக்கும் அவர் பிடித்த ஆள்தான், ஆரம்பித்துவிடலாம். கேட்டவர்களின் புனைபெயர் கேள்விக்கு முன்னால் இருக்கிறது.

முதல் சீசன்: இந்த ஆட்டத்தை இப்போதுதான் பார்க்கத் தொடங்கியிருக்கிறேன். டிராஃப்டில் எடுக்கப்படாதவர் என்றால் ஐபிஎல் ஏலத்தில் விலைபோகாதவர் மாதிரியா?

பாதி சரி. ஒவ்வொரு ஏப்ரலிலும் என்எஃப்எல் என்ற தொழில்முறை லீக்கின் 32 அணிகளும் கல்லூரி ஆட்டக்காரர்களை முறைவைத்து எடுக்கும், அதுதான் டிராஃப்ட். ஏழு சுற்றில் 250 பேருக்கு மேல் போவார்கள். எடுக்கப்பட்டவருக்கு அணியைத் தேர்ந்தெடுக்கும் உரிமை கிடையாது. எடுக்கப்படாதவருக்கு அந்த ஒரு உரிமை மட்டும் உண்டு. டிராஃப்ட் முடிந்த சில மணி நேரத்துக்குள் போன் அடிக்கும், எந்த அணியோடு வேண்டுமானாலும் கையெழுத்துப் போடலாம். ஆனால் அதை வேலை என்று நினைத்துவிடாதீர்கள். கோடை முகாமுக்குள் நுழையும் சீட்டு, அவ்வளவுதான். இன்றைய கணக்கில் முகாமுக்கு 90 பேர் வருவார்கள், சீசன் தொடங்கும்போது 53 பேர்தான் இருப்பார்கள். மீதிப் பேரில் சிலரைப் பயிற்சிக் குழுவில் வைத்துக்கொள்வார்கள், மற்றவர்கள் பெட்டியைக் கட்ட வேண்டியதுதான்.

டாலஸ்வாசி: வெல்கரை 2004இல் ஏன் ஒருவரும் எடுக்கவில்லை? டெக்சஸ் டெக் பல்கலைக்கழகத்தில் அவர் ஆடியதைக் கண்ணால் பார்த்தவன் நான். ஆள் தேடும் ஸ்கவுட்டுகள் அத்தனை பேரும் குருடர்களா?

குருடர்கள் இல்லை. அவர்கள் கையில் இருந்த அளவுகோல் வேறு.

வெல்கரின் உயரம் 5 அடி 9 அங்குலம், எடை சுமார் 185 பவுண்டு. கம்பைன் எனப்படும் தேர்வு முகாமுக்கே அவரை அழைக்கவில்லை. டெக்சஸ் டெக்கில் பயிற்சியாளர் மைக் லீச். அவருடைய 'ஏர் ரெய்டு' பாணியில் பந்து எப்போதும் காற்றில்தான் இருக்கும். அங்கே யார் நின்றாலும் கேட்ச் எண்ணிக்கை ஏறும் என்று ஸ்கவுட்டுகள் அதைத் தள்ளுபடி செய்தே படித்தார்கள். எதிரணி உதைத்துவிடும் பந்தைப் பிடித்து எல்லைக்கோடு வரை ஓடிச் சேர்க்கும் பண்ட் ரிட்டர்ன் டச் டவுன் எட்டு அடித்திருந்தார், அது கல்லூரி ஆட்டத்தில் சாதனை. அதையும் 'ஓரமாக வைத்துக்கொள்ளலாம்' என்கிற வகைத் திறமையாகத்தான் பார்த்தார்கள்.

எல்லாவற்றையும்விட முக்கியமானது, அவருக்கு ஏற்ற வேலைக்கு அப்போது விலையே இல்லை. கோட்டோரம் நிற்கும் உயரமான ரிசீவருக்குத்தான் பணம். அவருக்கும், மையத்தில் வரிசையாக நிற்கும் லைனுக்கும் நடுவே நிற்கும் 'ஸ்லாட்' ஆள் மூன்றாவது ரிசீவர். பல அணிகளில் அவர் பாதி நேரம் பெஞ்சில் இருப்பார். அந்த 2004 டிராஃப்டின் முதல் சுற்றில் மட்டும் ஏழு வைட் ரிசீவர்கள் போனார்கள். அந்த ஏழு பேரில் வெல்கரைவிட அதிக கேட்ச் பிடித்தவர் லாரி ஃபிட்ஸ்ஜெரால்ட் ஒருவர் மட்டுமே.

இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. அதே 2004 சீசனில்தான், ஐந்து யார்டுக்கு அப்பால் ரிசீவரைப் பிடித்துத் தள்ளினால் மஞ்சள் கொடி, அதாவது அபராதம், என்ற பழைய விதியைக் கண்டிப்பாக அமல்படுத்தச் சொன்னார்கள். அதற்கு முந்தைய பிளேஆஃபில் இண்டியானாபொலிஸ் ரிசீவர்களைப் பேட்ரியட்ஸ் தடுப்பாளர்கள் கசக்கிப் பிழிந்ததுதான் அந்தக் கெடுபிடிக்குக் காரணம். சின்ன உடம்புக்காரர் நடுக்களத்தில் நிம்மதியாக ஓடும் காலம் அப்படித்தான் பிறந்தது. அதில் பெரிதாக அறுவடை செய்த அணி எது? அதே பேட்ரியட்ஸ்.

எண்கணிதன்: முதல் அணி எது? எத்தனை நாள் வைத்திருந்தார்கள்?

சான் டியேகோ சார்ஜர்ஸ். முகாமைத் தாண்டி அணிக்குள் வந்துவிட்டார். முதல் ஆட்டம் முடிந்ததும் கழற்றிவிட்டார்கள். உடனே மயாமி டால்ஃபின்ஸ் எடுத்துக்கொண்டது.

பழைய பேட்ரியட்: மயாமியில் ஒரே ஆட்டத்தில் உதை, ரிட்டர்ன் எல்லாம் செய்தார் என்கிறார்களே, கதையா நிஜமா?

நிஜம். 2004 அக்டோபர் 10. மயாமியின் உதையாளர் ஒலிண்டோ மாரே ஆட்டத்துக்கு முந்தைய வார்ம்அப்பில் காயம்பட்டார். பள்ளியில் உதைத்துப் பழகியவர் என்று வெல்கரைக் கூப்பிட்டார்கள். கிக் ஆஃப் உதைத்தார், 29 யார்டிலிருந்து கம்பங்களுக்கு நடுவே உதைத்து ஃபீல்டு கோல் போட்டார், டச் டவுனுக்குப் பிறகான கூடுதல் புள்ளியும் போட்டார். இடையில் எதிரணி உதைத்த கிக் ஆஃபையும் பண்ட்டையும் பிடித்துக்கொண்டு ஓடினார். கல்யாண வீட்டில் பந்தியும் பரிமாறி இலையும் எடுக்கிற பையன் மாதிரி. மயாமி 24-10 என்று தோற்றது. எதிரணி பேட்ரியட்ஸ், அவர்களுக்கு அது தொடர்ச்சியான 19ஆவது வெற்றி. எதிர்ப்பக்கம் நின்று இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தவர் பேட்ரியட்ஸ் பயிற்சியாளர் பில் பெலிசிக்.

2007இல் அவர் என்ன செய்தார் என்பதற்கு இந்த ஆட்டத்தையும் கணக்கில் சேர்க்க வேண்டும். டிராஃப்ட் ஆகாதவரின் முதல் ஒப்பந்தம் மூன்று வருடம். அது முடிந்ததும் வெல்கர் கட்டுப்பாடுள்ள ஃப்ரீ ஏஜென்ட் ஆனார்: வேறு அணியோடு பேசலாம், ஆனால் பழைய அணிக்கும் அதில் பிடி உண்டு. பேட்ரியட்ஸ் டிராஃப்டில் தனக்கிருந்த ஓர் இரண்டாம் சுற்று வாய்ப்பையும் ஓர் ஏழாம் சுற்று வாய்ப்பையும் மயாமிக்குக் கொடுத்து அவரை வாங்கியது. மூன்று வருடம் முன்பு சும்மா கிடைத்தபோது சீந்த ஆளில்லாத சரக்கு!

அப்பாவி அப்பா: என் பையன் பள்ளியில் ரிசீவர், குள்ளம்தான். வெல்கர் கதையைச் சொல்லி ஊக்கப்படுத்துகிறேன். சரிதானே?

கதை சொல்லுங்கள், திட்டம் போடாதீர்கள். என் வழக்கமான எச்சரிக்கை இதுதான்: கரையேறியவரை மட்டும் எண்ணாதீர்கள். ஒவ்வொரு வருடமும் நூற்றுக்கணக்கானவர்கள் டிராஃப்ட் ஆகாமல் முகாமுக்குப் போகிறார்கள். பெரும்பாலோர் ஆகஸ்ட் முடிவதற்குள் வீடு திரும்புகிறார்கள். அவர்களும் வெல்கர் அளவுக்கு உழைத்தவர்கள்தான். அப்புறம், தலைக்காயம் பற்றிக் கீழே ஒரு கேள்வி வருகிறது, அதையும் படித்துவிட்டுப் பையனிடம் பேசுங்கள்.

முதல் சீசன்: பேட்ரியட்ஸில் அவர் அப்படி என்னதான் செய்தார்? யூடியூபில் பார்த்தால் எல்லாம் ஐந்து யார்டு, ஆறு யார்டு.

அந்த ஆறு யார்டில்தான் சூட்சுமம். அவர் ஓடிய பாதைகளில் பல முன்கூட்டியே முடிவானவை அல்ல. தடுப்பாளர் உள்பக்கம் நின்றால் வெளியே, வெளியே நின்றால் உள்ளே, தள்ளி நின்றால் அப்படியே நின்று திரும்புவார். அந்த முடிவை ஓடுகிற போக்கில் எடுப்பார். அதே நொடியில் பந்தை எறியும் குவார்ட்டர்பேக் டாம் பிரேடியும் அதே முடிவுக்கு வந்திருக்க வேண்டும். இரண்டு பேரில் ஒருவர் வேறு மாதிரி நினைத்தாலும் பந்து எதிரி கையில். 2007இல் ராண்டி மாஸ் என்ற வேகக்கார ரிசீவரும் வந்து சேர்ந்தார். அவருக்குப் பயந்து பின்வரிசை முழுக்கப் பின்னே ஓட, நடுவில் காலி மனை மாதிரி இடம் கிடந்தது. வெல்கர் அந்த வருடம் பிடித்தது 112. அடுத்து 111, 123, 86, 122, 118. ஆறு சீசனில் 672, பேட்ரியட்ஸ் அணியில் இன்றும் அதுதான் உச்சம்.

குட்டி ஓட்டம் மட்டும்தான் என்பவர்கள் 2011 முதல் ஆட்டத்தைப் பாருங்கள். மயாமியிலேயே, பழைய அணிக்கு எதிராக, 99 யார்டு டச் டவுன். அதைவிட நீளமாக ஒரு பாஸை ஓடவே முடியாது, மைதானம் முடிந்துவிடும்.

ஜயண்ட்ஸ் ரசிகன்: புகழ் போதும். 2012 பிப்ரவரி 5, சூப்பர் பவுல் இறுதியாட்டம். கையில் வந்த பந்தைக் கோட்டைவிட்டாரே, அதைப் பற்றி ஏன் பேச்சே இல்லை?

வந்துவிட்டீர்களா! தெரியாதவர்களுக்கு: இண்டியானாபொலிஸ் நகரில் ஆட்டம். பேட்ரியட்ஸ் 17, ஜயண்ட்ஸ் 15, சுமார் நான்கு நிமிடம் பாக்கி. பந்து ஜயண்ட்ஸின் 44 யார்டு கோட்டில். வெல்கரைத் தடுக்கப் பக்கத்தில் ஆளில்லை. பிடித்திருந்தால் ஆட்டம் ஏறக்குறைய முடிந்தது. பிடிக்கவில்லை. அடுத்த பாஸும் வீண், பண்ட் உதைத்தார்கள். ஜயண்ட்ஸ் தன் 12 யார்டு கோட்டிலிருந்து கிளம்பி, மேனிங்ஹாம் ஓரக்கோட்டில் 38 யார்டு பிடித்து, கடைசியில் பிராட்ஷா டச் டவுன் எல்லைக்குள் போய் உட்கார்ந்தார். 21-17.

என் கருத்து: எறிந்ததில்தான் பெரிய பிழை. பந்து உயரமாக, ஓடும் போக்குக்குப் பின்பக்கமாக வந்தது. உடம்பை முறுக்கி எம்பித்தான் அவரால் அதைத் தொடவே முடிந்தது.

ஜயண்ட்ஸ் ரசிகன்: இரண்டு கையும் பட்டது. பட்டால் பிடிக்க வேண்டும். இதைப் பள்ளிப் பையனுக்கே சொல்லித் தருகிறார்கள்.

ஆமாம், வெல்கரே பழியைத் தன் தலையில்தான் போட்டுக்கொண்டார். நல்ல மனிதர் அப்படித்தான் சொல்வார், அது சாட்சியம் ஆகாது. தடுப்பார் இல்லாத ஆளுக்கு பிரேடி நேராக எறிந்திருந்தால் இந்தப் பேச்சே இல்லை.

பழைய பேட்ரியட்: பிரேடி வேண்டுமென்றேதான் வெளிப்பக்கம் எறிந்தார். உள்ளே எறிந்தால் பின்வரிசைத் தடுப்பாளரான சேஃப்டி வந்து வெல்கரை நசுக்கியிருப்பார். நம்மாள் என்றாலும் இது டிராப்தான்.

சொந்தக் கட்சிக்காரரே கைவிட்டால் நான் என்ன செய்ய? வெளிப்பக்கம் எறிந்தது சரியான யோசனை, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அதைத் தோள் உயரத்தில் எறிந்திருக்கலாம். சேஃப்டி அவ்வளவு அருகிலும் இல்லை.

டாலஸ்வாசி: ஆளுக்குப் பாதி என்று முடித்துவிடலாமா?

முடியாது. அறுபது நாற்பது, அறுபது பிரேடிக்கு. அதற்குப் பிறகு பண்ட் உதைத்தபின் தடுப்பாட்டக்காரர்கள் 88 யார்டு விட்டுக்கொடுத்தார்களே, அவர்களை ஏன் யாரும் கேட்பதில்லை?

ஜயண்ட்ஸ் ரசிகன்: ஏனென்றால் எறிந்தது எங்கள் குவார்ட்டர்பேக் எலாய் மேனிங்! அப்புறம், பெயர் எலாய் இல்லை, ஈலை. தட்டச்சுப் பிழை.

சிரித்துவிட்டேன், அதனால் இந்த ஒன்றுக்கு மட்டும் புள்ளி உங்களுக்கு. இந்த விவாதம் இத்தோடு போதும். இதே விஷயமாக இன்னும் ஒன்பது கேள்வி காத்திருக்கிறது, ஒன்றுக்கும் பதில் கிடையாது.

எண்கணிதன்: டாம் பிரேடியும் டிராஃப்ட் ஆகாதவர்தானே?

இல்லை. 2000, ஆறாம் சுற்று, 199ஆவது ஆள்.

கடைசி பெஞ்ச்: எடல்மன்?

2009, ஏழாம் சுற்று. வெல்கர் போனபின் அந்த இடத்துக்கு வந்தவர் என்பதால் இரண்டு பேரையும் குழப்பிக்கொள்கிறார்கள்.

புதியவன்: வெல்கரை ஏன் டிராஃப்டில் எடுக்கவில்லை?

மேலே டாலஸ்வாசிக்குச் சொன்னதைப் படிக்கவும்.

எண்கணிதன்: அப்படியானால் டிராஃப்ட் ஆகாத ரிசீவர்களில் இவர்தான் எல்லாரிலும் பெரியவரா?

கேட்ச் எண்ணிக்கையில் 903, முன்னணிதான். யார்டு கணக்கில் வெல்கர் 9,924இல் நின்றார். டென்வரின் ராட் ஸ்மித் 11,389. மிசூரி சதர்ன் என்ற சின்னக் கல்லூரியிலிருந்து வந்து இரண்டு சூப்பர் பவுல் ஜெயித்தவர். அதில் ஒன்றில் 80 யார்டு டச் டவுன். வெல்கர் மூன்று சூப்பர் பவுல் ஆடி மூன்றிலும் தோற்றார். என் ஓட்டு ஸ்மித்துக்கு. இவ்வளவு நேரம் வெல்கர் புராணம் பாடிவிட்டு இப்படிச் சொல்வது துரோகம் மாதிரி இருக்கிறது, ஆனாலும் அதுதான் என் ஓட்டு. இரண்டு பேரும் ஹால் ஆஃப் ஃபேமுக்குள் இன்னும் போகவில்லை.

உந்துசக்தி: விடாமுயற்சி இருந்தால் யாரும் வெல்கர் ஆகலாம் என்று...

ஆக முடியாது. கரையேறியவரை மட்டும் எண்ணாதீர்கள் என்று இன்று இரண்டாவது முறை சொல்கிறேன்.

மருத்துவ மாணவி: கடைசி வருடங்களில் பெரிய ஹெல்மெட் போட்டு ஆடினாரே, அது உதவியதா?

நல்ல கேள்வி. 2013இல் டென்வருக்குப் போனார். அந்த நவம்பரிலும் டிசம்பரிலும் அடுத்தடுத்து இரண்டு கன்கஷன், அதாவது மூளை அதிர்ச்சி. பிளேஆஃபுக்குத் திரும்பியபோது தலையில் அந்தப் பெரிய ஹெல்மெட். டிவியில் பார்த்து எல்லாரும் கேலி செய்தார்கள், நானும் செய்தேன், இப்போது வெட்கமாக இருக்கிறது. 2014 ஆகஸ்டில், வெறும் பயிற்சி ஆட்டத்தில், இன்னொன்று. பத்து மாதத்துக்குள் மூன்று. ஹெல்மெட் மண்டையோட்டைக் காக்கும். உள்ளே மூளை குலுங்குவதை அதனால் முழுதாக நிறுத்த முடியாது. நடுக்களத்தில் குறுக்கே ஓடிப் பிடிக்கிற சின்ன உடம்புக்காரருக்குக் கிடைத்த அந்தப் புது வேலையின் விலை இதுதான். அப்பாவி அப்பா, உங்களைத்தான் சொல்கிறேன்.

கடைசி பெஞ்ச்: அதன் பிறகு?

2015இல் செயின்ட் லூயிஸ் ராம்ஸில் எட்டு ஆட்டம், 13 கேட்ச். பிறகு பயிற்சியாளர் வேலை: ஹூஸ்டன், சான் ஃபிரான்சிஸ்கோ, 2022 முதல் 2024 சீசன் வரை மறுபடி மயாமி, ரிசீவர் பயிற்சியாளராக.

புதியவன்: முழங்கால் கிழிந்தும் திரும்பி வந்தார் என்று படித்தேன்.

ஆமாம். 2010 ஜனவரி 3, ஹூஸ்டனில் தசைநார் கிழிந்தது. அதே வருடம் செப்டம்பரில் முதல் ஆட்டத்திலேயே இறங்கி இரண்டு டச் டவுன் போட்டார்.

ஜயண்ட்ஸ் ரசிகன்: முழங்கால் சரியாகிவிட்டது, கைதான்...

அறுபது நாற்பது. நான் சாப்பிடப் போகிறேன்.