கவிதையாலும் இசையாலும் வரலாற்றை மாற்றும் இயந்திரத்தைப் பற்றிக் கதை எழுதினால், அது எப்படி இயங்க வேண்டும்?

கவிதை எழுதும் இயந்திரம் புதிதல்ல. 1845இல் லண்டன் பிக்காடில்லியில் இருந்த எகிப்திய மண்டபத்தில், ஜான் கிளார்க் என்பவர் 'யுரேக்கா' என்ற பெட்டியைக் காட்சிக்கு வைத்தார். உள்ளே உருளைகள் சுழலும். அவற்றில் பதித்த கம்பிகள் எழுத்துச் சட்டங்களை எந்த உயரத்தில் நிறுத்துகின்றனவோ, அதற்கேற்ற எழுத்து வெளியே தெரியும். ஏறக்குறைய நிமிடத்துக்கு ஒன்றாக லத்தீன் செய்யுள் அடிகள் வந்துகொண்டிருந்தன. அடிக்கு ஆறு சொற்கள். பெயர்ச்சொல் எங்கே, வினைச்சொல் எங்கே என்பது மாறாது, யாப்பும் பிசகாது. அடி உருவாகும்போது பெட்டி அரச வாழ்த்துப் பாடலையும் இசைத்தது. கவிதையும் இருந்தது, இசையும் இருந்தது. ஆனால் வரலாற்றில் ஒரு துரும்புகூட அசையவில்லை.

அது ஏன் அசையவில்லை என்று யோசித்தால் உங்கள் கதைக்கு வழி பிறக்கும்.

நான் மலேசியாவின் பேராக் மாநிலத்தில் சுங்கை சிப்புட்டைச் சேர்ந்தவன். ஊரைச் சுற்றி ரப்பர்த் தோட்டங்கள் இருந்த காலத்தில் என் பாட்டி ரப்பர்ப் பால் எடுக்க மரம் சீவினார். லயத்தில், அதாவது தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், யாராவது இறந்துவிட்டால் ஒப்பாரிக்கு முதல் ஆள் அவர்தான். பெண்கள் வட்டமாக அமர்ந்து, ஒருவர் தோளில் ஒருவர் கைபோட்டு, தலையோடு தலை சேர்த்திருப்பார்கள். பாட்டி ஓர் அடியை இழுப்பார். மற்றவர்களின் அழுகை அதைத் தாங்கிக்கொள்ளும். அந்த இடைவெளியில் பக்கத்தில் இருப்பவரிடம், "பெரியவன் வந்துவிட்டானா ஆத்தா?" என்று மெல்லக் கேட்பார். "சிங்கப்பூரிலிருந்து பஸ் ஏறிவிட்டானாம்" என்று பதில் வரும். அடுத்த அடியிலேயே, பஸ் ஏறி வரும் தலைமகன் வாசலுக்கு வந்து சேருமுன் கண்ணை மூடிவிட்ட தாய் பாட்டுக்குள் வந்துவிடுவாள். கேட்ட பெண்கள் உடைந்து அழுவார்கள்.

யோசித்துப் பாருங்கள், பாட்டியிடமும் ஓர் அச்சு இருந்தது. மெட்டு பழையது, அடியின் அமைப்பும் பழையது. நிரப்ப வேண்டிய இடங்கள் மட்டும் காலியாக இருக்கும். கிளார்க்கின் பெட்டியும் அப்படித்தான் வேலை செய்தது. ஆனால் எதிரே யார் அமர்ந்திருக்கிறார்கள் என்று பெட்டி கேட்கவில்லை. பாட்டி கேட்டார்.

மக்களைக் கிளர்ந்தெழச் செய்யும் பாடல்களை இயந்திரம் எழுதுவதாகக் கதை பண்ண வேண்டாம் என்பேன். 1941இல் எங்கள் நாட்டின் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். கூலி உயர்வு கேட்டார்கள். தோட்டத்துக் கள்ளுக்கடைகளை மூடச் சொன்னார்கள். துரை எதிரே வந்தால் சைக்கிளிலிருந்து இறங்கி நிற்க வேண்டும் என்ற வழக்கம் ஒழிய வேண்டும் என்றார்கள். அரசு துருப்புகளை இறக்கியது. தலைமை தாங்கிய ஆர். எச். நாதன் நாடு கடத்தப்பட்டார். அந்தக் கோபத்தை எந்தப் பாட்டும் ஊட்டவில்லை, அது வாழ்க்கையே ஊட்டியது. அந்தப் பெருமையை ஒரு பெட்டிக்குக் கொடுப்பது அந்த மக்களுக்குச் செய்யும் அநியாயம்.

பாட்டு இல்லாமல் போன இடத்துக்கு இயந்திரத்தைக் கொண்டுபோங்கள். இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியர் ஆண்ட காலத்தில், சயாமுக்கும் (தாய்லாந்து) பர்மாவுக்கும் இடையே அவர்கள் போட்ட மரண ரயில்பாதை வேலைக்கு எங்கள் தோட்டங்களிலிருந்து கொண்டுபோகப்பட்டவர்கள் ஏராளம். 415 கிலோமீட்டர் பாதை, 1943 அக்டோபரில் முடிந்தது. காலரா, மலேரியா, பட்டினி, அடி. காஞ்சனாபுரி போர்க் கல்லறையில் ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகள் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்கள். வரிசை வரிசையாகக் கற்கள் நிற்கின்றன. அதே பாதையில் பல்லாயிரக்கணக்கில் மடிந்த ஆசியத் தொழிலாளர்களில் பெரும்பாலோருக்குப் பெயர் பொறித்த ஒரு கல்கூட இல்லை. உடல் வந்து சேராததால் வாசலில் ஒப்பாரியும் இல்லை. இதை எழுதும்போதே எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

என் கதையாக இருந்தால், ரப்பர்த் தாள்களைப் புகைபோட்டு உலர்த்திய பழைய கட்டடத்தில் அந்த இயந்திரம் நிற்கும். பிரட்டுக்கு, அதாவது காலையில் ஆள் கணக்கெடுப்புக்கு, வந்தவர்களின் பெயர்களைத் தோட்டத்து எழுத்தரான கிராணியார் பதிந்து வைத்த ஏடுதான் அதற்கு உணவு. நேற்றுவரை இருந்து, இன்று காணாமல் போன பெயரை அது எடுக்கும். ஊரில் எல்லாருக்கும் தெரிந்த மெட்டில் ஓர் அடி பாடி நிறுத்தும். புது மெட்டு கட்டவே கூடாது. 1957இல் நாட்டுக்குத் தேசிய கீதம் தேவைப்பட்டபோதுகூட, எங்கள் பேராக் மாநில கீதத்தின் மெட்டைத்தான் எடுத்துக்கொண்டார்கள். காதுக்குப் பழகிய மெட்டுக்கு அவ்வளவு வலு உண்டு.

இயந்திரம் நிறுத்திய இடத்தில் கேட்பவர்கள் பேச வேண்டும். "அது என் சித்தப்பா. மூன்றாவது லயம். பெயரைத் தப்பாக எழுதிவிட்டார்கள்" என்று ஒருவர் சொன்னால்தான் உருளை சுழன்று அடுத்த அடி வரும். பதில் சொல்ல ஒருவரும் இல்லையென்றால் அது பாடாது. இந்த ஒரு விதியை மட்டும் எக்காரணம் கொண்டும் தளர்த்தாதீர்கள். ஊர் ஊராகப் பேரப்பிள்ளைகள் தேடி வருவார்கள், பெயர்கள் திருத்தப்படும், பட்டியல் நீளும், பள்ளிப் பாடநூலில் ஒரு வரியாக இருந்தது ஓர் அத்தியாயமாகும். இறந்தவர் எவரும் மீளவில்லை. ஆனால் வரலாறு மாறிவிட்டது.

கதைக்கு எதிரி வேண்டுமென்றால், தேர்தல் நேரத்தில் தன் பெயரையும் அந்த ஏட்டில் எழுதிப் பாடவைக்க வரும் ஓர் அரசியல்வாதி போதும். அவர் பெயர் வந்ததும் இயந்திரம் ஓர் அடி பாடி நிறுத்தட்டும். பதில் சொல்வதா வேண்டாமா என்பதைக் கூடியிருக்கும் பெண்கள் முடிவு செய்யட்டும்.