தலையில் பெட்டி சுமந்த நர்ஸம்மா: அல்பெர்ட்டினா சிசுலு பற்றிக் கேள்வி பதில்

நான் ஓய்வுபெற்ற ஸ்டாஃப் நர்ஸ். தென்னாப்பிரிக்க நிறவெறி எதிர்ப்பில் நர்சுகள் என்ன செய்தார்கள் என்று பல வருடமாகத் தேடித் தேடிப் படிக்கிறேன். அந்த வரிசையில் என் மனதில் முதலில் நிற்பவர் அல்பெர்ட்டினா சிசுலு (1918–2011). அவரைப் பற்றி நீங்கள் கேட்டவற்றுக்குப் பதில்கள் இதோ.

நர்சிங் மாணவி ஒருவர்: சேவை மனப்பான்மையால்தான் அவர் நர்சிங் படித்தாராம்மா?

இல்லம்மா, சம்பளத்துக்காக. தென்னாப்பிரிக்காவின் டிரான்ஸ்கை பகுதிக் கிராமம் ஒன்றில் அப்பாவைச் சின்ன வயதிலேயே இழந்தவர். அம்மாவுக்கும் உடம்பு சரியில்லை. தம்பி தங்கைகளைப் பார்க்க வேண்டும். கத்தோலிக்கப் பள்ளியில் படித்தபோது கன்னியாஸ்திரியாகப் போகலாமா என்று யோசித்திருக்கிறார். கன்னியாஸ்திரிக்குச் சம்பளம் கிடையாது, வீட்டுக்குப் பணம் அனுப்ப முடியாது, நர்சிங்கில் சேர்ந்தால் பயிற்சியின்போதே உதவித்தொகை வரும் என்று அங்கிருந்த ஒரு பாதிரியார்தான் வழிகாட்டினார். அப்படித்தான் 1940-இல் ஜோகன்னஸ்பர்க் வந்தார். நம்மைப் பார்த்தால் எல்லோரும் "சேவை, சேவை" என்கிறார்கள். சம்பளத்தைப் பற்றி யாரும் பேசுவதில்லை. இவர் கதையைச் சம்பளத்திலிருந்து தொடங்கினால்தான் சரியாகப் புரியும்.

கல்லூரி மாணவர்: கணவர் வால்டர் சிசுலு பெரிய தலைவர். அவர் நிழலில்தானே இவர் வந்தார்?

பாதி சரி தம்பி. 1944-இல் கல்யாணம். மாப்பிள்ளைத் தோழன் நெல்சன் மண்டேலா. "ஏற்கெனவே தேசத்தைக் கட்டிக்கொண்டவரை நீ கட்டிக்கொள்கிறாய்" என்ற பொருள்பட விருந்திலேயே ஒரு தலைவர் மணப்பெண்ணை எச்சரித்தாராம்.

ஆனால் கோபம் அதற்கு முன்பே வந்துவிட்டது. பயிற்சிக் காலத்தில் ஒரு பெரிய விபத்து. காயம்பட்ட கறுப்பர்களால் அவர்களுக்கான பகுதி நிரம்பி வழிந்தது. வெள்ளையர் பகுதியில் சேர்க்க அனுமதி கேட்டும் கிடைக்கவில்லை. நோயாளிகளைத் தரையில் கிடத்தினார்கள். வார்டில் நின்றவர்களுக்குத் தெரியும், அந்த மாதிரி ஓர் இரவு மனதை விட்டு லேசில் போகாது.

அப்புறம், 1949-இல் வால்டர், நிறவெறியை எதிர்த்த கட்சியான ஆப்பிரிக்கத் தேசிய காங்கிரஸின் பொதுச் செயலாளராகி, முழுநேரமும் கட்சிக்கே கொடுத்துவிட்டார். வீடு, பிள்ளைகள், வந்து போகும் தோழர்கள் சாப்பாடு, எல்லாம் இந்த அம்மாவின் சம்பளத்தில்தான் ஓடின. யார் நிழலில் யார் என்று இப்போது சொல்லுங்கள்.

கிராம சுகாதாரச் செவிலியர்: அவரும் நம்மைப் போல வீடு வீடாகப் போனவரா?

ஆமாம், நம்ம ஆள்தான். 1954-இல் மருத்துவச்சிப் பயிற்சி முடித்து, நகரச் சுகாதாரத் துறையில் சேர்ந்தார். ஜோகன்னஸ்பர்க்கை ஒட்டிய கறுப்பர் பகுதியான சொவெட்டோவின் குடியிருப்புகளில் நடந்துதான் போக வேண்டும். பாட்டில், பேசின், மருந்து எல்லாம் அடைத்த பெட்டியைத் தலையில் தூக்கிக்கொண்டு போனதாக அவரே சொல்லியிருக்கிறார். இப்படிப் போகிறவருக்கு ஊரில் எந்த வீட்டுக் கதவும் திறக்கும். மேடை ஏறிப் பேசுகிறவர்களுக்கு இந்த வசதி கிடையாது. கறுப்பர்கள் எங்கே போனாலும் கையில் வைத்திருக்க வேண்டிய அனுமதிப் புத்தகத்துக்குப் பாஸ் என்று பெயர். கறுப்பினப் பெண்களுக்கும் அது கட்டாயம் என்று அரசு கொண்டுவந்தபோது, 1956 ஆகஸ்ட் 9 அன்று சுமார் 20,000 பெண்கள் பிரிட்டோரியாவுக்குத் திரண்டார்கள். இவரும் போனார். 1958-இல் அதே பாஸ் போராட்டத்துக்காகக் கைக்குழந்தையோடு சிறைக்கும் போனார்.

இன்னொன்று பலருக்குத் தெரியாது. 1961-இல் தங்கனிகா (இன்றைய டான்சானியாவின் பெரும்பகுதி) விடுதலை பெற்றதும் பிரிட்டிஷ் நர்சுகள் நிறையப் பேர் கிளம்பிவிட்டார்கள். அந்த இடத்துக்குத் தென்னாப்பிரிக்காவிலிருந்து கறுப்பின நர்சுகளைத் திரட்டி அனுப்பியதில் இவருக்குப் பங்கு உண்டு.

ஒரு வழக்கறிஞர்: தடை உத்தரவுக்குள் எப்படி வேலை பார்த்தார்?

1963-இல் விசாரணையின்றி 90 நாள் அடைத்துவைக்கும் சட்டம் வந்தது, ஐயா. அதில் கைதான முதல் பெண் இவர்தான். அடுத்த வருடம் வால்டருக்கு ஆயுள் தண்டனை, இவருக்குத் தடை உத்தரவு. ஏறக்குறைய 17 வருடம் அதைப் புதுப்பித்துக்கொண்டே இருந்தார்கள். கூட்டத்துக்குப் போகக் கூடாது, இவர் சொன்னதைப் பத்திரிகை போடக் கூடாது, பிறகு இரவில் வீட்டுக்காவல் வேறு. ஆனாலும் பகலில் டியூட்டி உண்டு. பிள்ளைகள் பிறந்துகொண்டுதானே இருந்தன!

ஓய்வுபெற்ற ஆசிரியர்: அங்குள்ள இந்தியர்களோடு தொடர்பு உண்டா?

உண்டு ஐயா. 1983-இல் நிறவெறியை எதிர்த்த பல அமைப்புகள் சேர்ந்து ஐக்கிய ஜனநாயக முன்னணி அமைத்தபோது, சிறையில் இருந்த இவரை மூன்று தலைவர்களில் ஒருவராகத் தேர்ந்தெடுத்தார்கள். 1985-இல் பீட்டர்மாரிட்ஸ்பர்க்கில் 16 பேர் மீது தேசத்துரோக வழக்கு. இவரோடு கூண்டில் நின்றவர்களில் எம். ஜே. நாயுடு போன்ற நடால் இந்தியக் காங்கிரஸ்காரர்களும் இருந்தார்கள். 1894-இல் காந்தி தொடங்கிய அதே அமைப்புதான். அந்த வருடக் கடைசியிலேயே இவர் உள்பட 12 பேர் மீதான வழக்கை அரசு கைவிட்டது.

நகர வேலை முடிந்த பிறகு சேர்ந்த இடமும் ஓர் இந்தியரின் கிளினிக்தான். அந்த டாக்டர் அபுபக்கர் அஸ்வத், இவருடைய முன்னணிக்குப் போட்டியாக இருந்த ஓர் அமைப்பைச் சேர்ந்தவர். வெளியே இரண்டு தரப்பும் முட்டிக்கொண்டிருந்த காலம். உள்ளே டாக்டரும் நர்ஸும் ஒற்றுமையாக வேலை பார்த்தார்கள். 1989 ஜனவரி 27 அன்று நோயாளிகள் போல வந்தவர்கள் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். அப்போது இந்த அம்மா அதே கிளினிக்கில் இருந்தார்.

பெயர் சொல்லாத ஒருவர்: குறையே இல்லாதவரா?

இல்லை. 1997-இல், நிறவெறிக் காலக் கொடுமைகளை விசாரித்த உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையத்தில், வின்னி மண்டேலா தொடர்பான விசாரணையின்போது, டாக்டர் அஸ்வத் கிளினிக்கின் ஒரு நோயாளி அட்டையைக் காட்டி இது உங்கள் கையெழுத்தா என்று கேட்டார்கள். இல்லை என்றார். முன்பு ஒரு தொலைக்காட்சிப் பேட்டியில் சொன்னதோடு அது பொருந்தவில்லை. பழைய தோழரான வின்னியைக் காப்பாற்றப் பார்க்கிறாரோ என்று பலர் சந்தேகப்பட்டார்கள். எனக்கும் அந்த இடம் உறுத்தத்தான் செய்கிறது.

இல்லத்தரசி ஒருவர்: எம்.பி. ஆகி என்ன செய்தார்?

1994 முதல் 1999 வரை ஒரே தவணை. உண்மையைச் சொன்னால், அவருடைய பெரிய அரசியல் எல்லாம் அதற்கு முன்பே முடிந்திருந்தது. ஆனால் 1994 மே மாதம் நாடாளுமன்றத்தில் மண்டேலாவின் பெயரைக் குடியரசுத் தலைவர் பதவிக்கு முன்மொழிந்தவர் இவர்தான். அந்தப் பழைய மாப்பிள்ளைத் தோழன்!

பயணம் போகும் ஒருவர்: ஜோகன்னஸ்பர்க்கில் அவர் நினைவாக ஏதாவது?

விமான நிலையத்திலிருந்து ஊருக்குள் வரும் ஆர்24 நெடுஞ்சாலைக்கே அவர் பெயர்தான். போகிற வழியில் இதையும் நினைத்துக்கொள்ளுங்கள்: விமான நிலையத்துக்குப் பெயர் கொடுத்த ஆலிவர் டாம்போவின் மனைவி அடிலெய்டும் நர்ஸ்தான்.