பொண்ணு டாக்குமெண்டரி புரொடியூசர் ஆகணும்னு நிக்கிறாளா?

அக்கா, நீங்க கேட்டது ரெண்டு விஷயம், சம்பளம் வருமா, பொம்பளப் புள்ளைக்கு பாதுகாப்பா இருக்குமா. மொதல் கேள்விக்கு நேராவே சொல்லிடறேன், சமூகம் சுற்றுச்சூழல்னு சொந்தமா படம் பண்றவங்களுக்கு மாசச் சம்பளம்னு ஒண்ணு கிடையாது, ப்ராஜெக்ட் இருந்தா காசு, இல்லன்னா கை காலி. அதுக்காக அவள புடிச்சு இன்ஜினியரிங்ல தள்ளிடாதீங்க.

பாப்பா கேமராவ தூக்கிட்டு காட்டுக்குள்ள போற கனவுல இருந்தான்னா அது டைரக்டர், கேமராமேன் வேலை. புரொடியூசருக்கு முக்காவாசி பேப்பர்தான். எண்ணூர்ல 2023 டிசம்பர் வெள்ளத்தப்போ எண்ணெய் பரவி மீனவங்க படகும் வலையும் பாழாச்சுல்ல, அத படமா எடுக்கறான்னு வைங்க. பட்ஜெட் போடணும், ஃபண்டுக்கு ப்ரொபோசல் எழுதணும், ஆர்டிஐ போட்டு டாக்குமெண்ட் வாங்கணும், ட்ரோன் விட பர்மிஷன் வாங்கணும், கேமரா முன்னாடி பேசற மீனவர்கிட்ட இது எங்கெல்லாம் வரும், வந்தா அவருக்கு என்ன பிரச்சனை ஆகலாம்னு அவருக்கு புரியற மாதிரி சொல்லி அப்புறம்தான் ரிலீஸ் ஃபார்ம்ல, அதாவது படத்துல வர சம்மதம்னு எழுதிக் குடுக்கற ஃபார்ம்ல கையெழுத்து வாங்கணும், படத்த வெளியிடறதுக்கு முன்னாடி வக்கீல்கிட்ட காட்டணும். நாளைக்கு நோட்டீஸ் வந்தாலும் இவ பேருக்குதான் வரும்.

முதுமலைல எடுத்த ‘தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்’ 2023ல ஆஸ்கர் வாங்கினத எல்லாரும் பேசறாங்க, நாப்பது நிமிஷ படத்துக்கு அஞ்சு வருஷம் ஆச்சுன்றத யாரும் பேசறதில்ல. அவ்ளோ வருஷம் வாடகை எங்கேருந்து வரும்னு அவகிட்டயே கேளுங்க! சன்டான்ஸ், இட்ஃபா பெர்தா மாதிரி வெளிநாட்டு ஃபண்ட் இருக்கு, கொல்கத்தால டாக்எட்ஜ்னு டாக்குமெண்டரிக்காரங்களுக்குன்னே நடக்கற நிகழ்ச்சில போய் பிட்ச் பண்ணலாம், அதாவது காசு போடறவங்க முன்னாடி படத்தோட ஐடியாவ சொல்லிக் கேக்கலாம், ஆனா போட்டி பயங்கரம். நெறய பேரு என்ஜிஓ படம், கம்பெனி படம், எடிட்டிங்னு பண்ணித்தான் வண்டிய ஓட்டறாங்க, அதனால எடிட்டிங்கோ சவுண்டோ ஏதாவது ஒரு கைவேலை கண்டிப்பா தெரிஞ்சிருக்கணும்.

படிப்புக்கு விஸ்காம்தான் வேணும்னு இல்ல, என்ன கேட்டா சோஷியாலஜி, சட்டம், சுற்றுச்சூழல் அறிவியல் படிச்சவ இந்த வேலைல நிப்பா. அப்புறம் பிஜிக்கு கொல்கத்தா சத்யஜித் ரே இன்ஸ்டிடியூட்ல புரொடியூசிங்குக்குன்னே தனி கோர்ஸ் இருக்கு, டெல்லி ஜாமியா யுனிவர்சிட்டி, சென்னைல ஏசிஜேன்ற ஜர்னலிசம் காலேஜும் பாக்கலாம். திருவனந்தபுரம் டாக்குமெண்டரி விழாவுக்கு ஒரு தடவை கூட்டிட்டு போங்க, நீங்களும் ரெண்டு படம் பாருங்க.

பாதுகாப்பு விஷயத்துல உங்க பயம் நியாயம்தான். தனியா லொகேஷன் போகக்கூடாது, உள்ளூர் ஆள் ஒருத்தர் கூட இருக்கணும், ஃபுட்டேஜ் ரெண்டு இடத்துல காப்பி இருக்கணும், இத மொத நாள்லேருந்தே பழக்கிடுங்க.

இந்த லீவுல உங்க ஏரியா குப்பைக் கிடங்கு பத்தி பத்து நிமிஷ படம் எடுக்க சொல்லுங்க, ஆனா ஷூட்டிங்குக்கு முன்னாடி பட்ஜெட்டும் பர்மிஷன் லெட்டரும் அவளே எழுதணும். அந்த எழுத்து வேலைல சலிச்சுக்கறாளா, இல்ல ராத்திரி முழிச்சு உக்காந்து செய்யறாளான்னு பாத்து வைங்க, அடுத்த தடவை அவளையும் கூட்டிட்டு வாங்க, பேசலாம்.